ஒரு நோய்ப்பெயரின் வரலாறு: தில்லியின் சட்டமும் மருத்துவமனையும் மனச்சிதைவுடன் வாழ்வோரும்

1

1955ஆம் ஆண்டின் இந்து திருமணச் சட்டம் முதலில் இயற்றப்பட்டபோது, மணமுறிவு கோருவதற்குரிய காரணங்களுள் ஒன்றாக, வாழ்க்கைத்துணை மூன்றாண்டுகளுக்குக் குறையாமல் தொடர்ந்து குணப்படுத்தவியலாத சித்தக் கோளாற்றுடன் இருத்தலைக் குறிப்பிட்டிருந்தது. எந்த நோயின் பெயரும் அங்கே இல்லை. 1976இல் தில்லியில் நாடாளுமன்றம் அச்சட்டத்தைத் திருத்தியது. மூன்றாண்டு என்னும் நிபந்தனை நீங்கியது. மனக்கோளாறு என்பதற்கு ஒரு விளக்கவுரை சேர்ந்தது. அவ்விளக்கவுரை மனநோய், முழுமையடையாத மனவளர்ச்சி, ஆளுமைக் கோளாறு எனப் பரந்த வகைகளை அடுக்கிச் சென்று, ஸ்கிசோஃப்ரீனியாவும் இதில் அடங்கும் என்னும் பொருள்படும் தொடருடன் முடிகிறது. மருத்துவர்கள் நோயறிதலாக எழுதும் எத்தனையோ பெயர்களுள் இந்த ஒன்றே சட்டத்தின் வாசகத்திற்குள் ஏறியது. சிறப்புத் திருமணச் சட்டத்திலும் அதே ஆண்டு அதே வாசகம் நுழைந்தது.

மனநல மருத்துவத்தில் 'நோயுணர்வு' என்றொரு கருத்தாக்கம் உண்டு. தமக்கு நேர்ந்திருப்பது நோய் என்பதை ஒருவர் உணர்கிறாரா, அதன் பெயரை ஏற்கிறாரா, சிகிச்சைக்கு இசைகிறாரா என்று அது வினவுகிறது. ஏற்காதவர்க்கு நோயுணர்வு குறைவு எனக் கோப்பில் எழுதப்படுகிறது. ஏற்காமையும் அந்நோயின் அறிகுறிகளுள் ஒன்றாகக் கணக்கிடப்படுகிறது. இக்கணிப்பில் உண்மை இல்லாமலில்லை. ஆயினும் ஒரு பெயரை ஏற்றுக்கொள்வது என்பது அப்பெயர் என்னென்ன செய்யும் என்பதையும் ஏற்றுக்கொள்வதாகும். மணவாழ்வை, வேலையை, வாடகை வீட்டை, சொத்துரிமையை, சில காலங்களில் உடலின் விடுதலையையே பறிக்கக்கூடிய பெயர் ஒன்றை ஒருவர் மறுத்தால், அம்மறுப்பில் எவ்வளவு நோய், எவ்வளவு விவேகம் என்று பிரித்தறிவது எளிதன்று. தில்லியின் மருத்துவமனைகளும் நீதிமன்றங்களும் நாடாளுமன்றமும் இப்பெயரை எவ்வாறு கையாண்டன என்பதைத் தொடர்ந்து நோக்கினால் இக்கேள்வி தெளிவடையும்.

2

எமில் கிரேப்பலின் 1890களில் இந்நோய்த்தொகுதிக்கு இளமையில் தொடங்கும் அறிவுத்தேய்வு என்று பொருள்படும் இலத்தீன் பெயரைச் சூட்டினார். அப்பெயரிலேயே முடிவும் எழுதப்பட்டிருந்தது: தொடங்கிவிட்டால் தேய்வுதான். சூரிச்சின் ஆய்கன் ப்ளாய்லர் அதனை மறுத்தார். நோயாளிகள் பலருடன் நெருங்கி வாழ்ந்து கண்டவர் அவர். எல்லோரும் தேய்வதில்லை, எல்லோர்க்கும் இளமையில் தொடங்குவதுமில்லை என்பது அவர் கண்டறிந்தது. 1908இல் பெர்லின் உரையொன்றில் அவர் முன்வைத்து, 1911இல் நூலாக விரித்த புதுப்பெயரே ஸ்கிசோஃப்ரீனியா. பிளத்தல் என்னும் பொருளுடைய கிரேக்க வினையையும் மனம் என்னும் பொருளுடைய பெயரையும் இணைத்து ஆக்கிய சொல் அது. சிந்தனை, உணர்வு, செயல் ஆகியவற்றுக்கிடையிலான தொடர்பு தளர்வதையே அவர் பிளவு என்றார். ஒரே ஆளுக்குள் இரண்டு ஆட்கள் என்று திரைப்படங்கள் பரப்பிய பொருள் அவர் கருதியது அன்று. அவர் அந்நோயைப் பன்மையில் குறித்தார் என்பதும் நினைக்கத்தக்கது. ஒரு நோய் என்பதைவிட நோய்களின் குழு என்பதே அவர் துணிபு.

மொழிபெயர்ப்பில் இந்நுட்பம் நழுவிற்று. இந்தியில் மனத்தின் பிளவு, துண்டுபட்ட மனநிலை என்னும் பொருளுடைய வடமொழிக் கூட்டுச்சொற்கள் ஆக்கப்பட்டன. தமிழில் 'மனப்பிளவு' ஓரளவு வழங்கினாலும், நிலைபெற்றது 'மனச்சிதைவு'. பிளவுபட்டதைப் பொருத்தலாம், பிளவு என்ற சொல்லில் இரு பகுதிகளும் எஞ்சியிருக்கின்றன. சிதைதல் என்பதோ உருவழிதல். சிதைந்த கோயில், சிதைந்த ஏடு, கருச்சிதைவு என வழங்கும் இடங்களை எண்ணினால், மீளாமை அச்சொல்லின் பொருட்புலத்தில் ஆழப் பதிந்திருப்பது விளங்கும். ப்ளாய்லர் விலக்க முயன்ற கிரேப்பலினின் முடிவுரை, தமிழாக்கத்தின் வழியே பின்கதவால் திரும்பி வந்துவிட்டது எனலாம். புறநோயாளர் பிரிவில் ஓர் இளைஞரிடமோ அவருடைய தாயிடமோ இச்சொல் முதன்முறை சொல்லப்படும்போது, மருத்துவர் கூறாத ஒரு முன்கணிப்பையும் அச்சொல்லே கூறிவிடுகிறது.

பேச்சு வழக்கில் நோய்க்குப் பதில் ஊர்ப்பெயர் போதுமானதாக இருந்தது. தமிழ்நாட்டில் கீழ்ப்பாக்கம், வடக்கே ஆக்ரா, ராஞ்சி. மனநல மருத்துவமனை உள்ள ஊரின் பெயரே வசைச்சொல்லாகும் வழக்கம் இந்திய மொழிகள் பலவற்றுக்கும் பொது. 1920களில் பித்தர் காப்பகங்கள் என்னும் பெயரை நீக்கி மனநல மருத்துவமனைகள் என்று அரசு மாற்றியது. சென்னையில் 1871 முதல் கீழ்ப்பாக்கத்தில் இயங்கிய காப்பகமும் 1922இல் அவ்வாறு பெயர் மாறிற்று. பலகை மாறியதேயன்றிப் பேச்சு மாறவில்லை.

3

பிரிவினைக்கு முன் பஞ்சாப் பகுதியின் பெரிய மனநல மருத்துவமனை லாகூரில் இருந்தது. நாடு பிரிந்தபின், மேசை நாற்காலிகளையும் கோப்புகளையும் பங்கிட்டதைப் போலவே, மருத்துவமனைகளில் இருந்தோரையும் இரு அரசுகளும் பங்கிட நேர்ந்தது. 1950இல் சமய அடிப்படையில் நோயாளிகள் பரிமாறப்பட்டனர்; லாகூரிலிருந்த இந்துக்களும் சீக்கியர்களும் அமிர்தசரசுக்கு வந்து சேர்ந்தனர். சாதத் ஹசன் மண்ட்டோவின் 'டோபா டேக் சிங்' என்னும் கதை இப்பரிமாற்றத்தைக் களமாகக் கொண்டது. தில்லியின் மனநல மருத்துவர் ஆலோக் சரீனும் பெங்களூரின் சஞ்சீவ் ஜெயினும் பதிப்பித்துப் பிரிவினையின் உளவியல் தாக்கம் குறித்து 2018இல் வெளிவந்த நூல், இத்தகைய நிகழ்வுகள் மருத்துவ வரலாற்றில் நெடுங்காலம் பேசப்படாமல் கிடந்ததைச் சுட்டுகிறது.

அமிர்தசரசில் நிகழ்ந்த ஒன்று தனியே குறிக்கத்தக்கது. அம்மருத்துவமனையின் தலைவராயிருந்த வித்யாசாகர், இடமும் ஆளும் போதாத நிலையில், நோயாளிகளின் குடும்பத்தினரை வளாகத்திற்குள்ளேயே கூடாரங்களில் தங்கச் செய்தார். உறவினர் சமைத்தனர், உடனிருந்தனர், மருத்துவர் பேசுவதைக் கேட்டனர். நோய் என்பது என்ன, மருந்து எதற்கு, வீடு திரும்பியபின் என்ன செய்வது என்பவற்றை நோயாளியும் குடும்பமும் ஒருங்கே அறிந்தனர். பாரிசில் 1952இல் குளோர்புரோமசின் முதன்முறையாக இந்நோயாளிகளுக்குக் கொடுக்கப்பட்டு, அது இந்தியாவுக்கும் வந்து சேர்ந்த காலம் அது. மருந்தும் குடும்பமும் ஒன்றாகக் கிடைத்ததால் பலர் சில வாரங்களில் வீடு திரும்பினர். நோயறிதலை ஏற்றல் என்பது தனியொருவரின் உள்ளத்தில் மட்டும் நிகழும் செயலன்று. அது ஒரு வீட்டில் நிகழ்வது என்னும் உண்மையை, கோட்பாடாக எழுதப்படுவதற்கு முன்பே, அக்கூடாரங்கள் உணர்த்தின.

தில்லி இப்பாடத்தைக் கற்க நெடுங்காலம் எடுத்துக்கொண்டது. யமுனைக்கு அப்பால், சாதரா பகுதியில், 1966இல் மனநோய் மருத்துவமனை ஒன்று தொடங்கப்பட்டது. விடுதலை பெற்ற நாட்டின் தலைநகரம் கட்டிய மருத்துவமனையாயினும், அதனை ஆண்ட சட்டம் 1912ஆம் ஆண்டின் பித்தர் சட்டமே. நீதித்துறை நடுவரின் ஆணையுடன் சேர்க்கப்பட்டவர் வெளியேறுவது எளிதாயில்லை. அழைத்துச்செல்ல வருவோர் இல்லாதோர் அங்கேயே தங்கினர். 1983இல் அம்மருத்துவமனையின் சீர்கேடான நிலை குறித்து உச்ச நீதிமன்றத்தில் பொதுநல மனு ஒன்று தாக்கலாயிற்று. 1989இல் வந்த தீர்ப்பு, பெங்களூரின் நிம்ஹான்ஸ் நிறுவனத்தின் முறையில் அதனைத் திருத்தியமைக்க வழிகோலியது. அவ்வாறு 1993இல் உருவானதே மனித நடத்தை மற்றும் சார்பு அறிவியல் நிறுவனம்; இப்பாஸ் என்னும் சுருக்கப்பெயரால் தில்லியில் அறியப்படுவது. நரம்பியல், உளவியல், மனநல மருத்துவம் ஆகியவை ஒரே வளாகத்தில் அமைந்தன. புறநோயாளர் பிரிவு விரிந்தது. பின்னாளில் வீடற்றோருக்காக இயங்கும் ஆஷ்ரய் அதிகார் அபியானுடன் இணைந்து ஜாமா மசூதிப் பகுதியின் தெருவுக்கே மருத்துவர்கள் சென்று பார்க்கும் முறையும் உருவாயிற்று.

4

சட்டத்தின் இலக்கணத்தையும் இதனோடு சேர்த்து வாசிக்க வேண்டும். 1912ஆம் ஆண்டுச் சட்டம் ஆளைப் பித்தர் என்ற ஒற்றைப் பெயர்ச்சொல்லால் குறித்தது. ஆளும் நிலையும் அங்கே வேறல்ல. 1987இல் நிறைவேறி 1993 ஏப்ரலில் நடைமுறைக்கு வந்த மனநலச் சட்டம் 'மனநோயுற்ற நபர்' என்றது. நோய் பெயரடையாக மாறி, நபர் எழுவாயாக எஞ்சினார். 2017ஆம் ஆண்டின் மனநலப் பராமரிப்புச் சட்டம் 'மனநோயுடைய நபர்' என்கிறது. நோய் அவருடைய உடைமைகளுள் ஒன்றாக ஒதுங்கி நிற்கிறது. ஏறத்தாழ 105 ஆண்டுகளில் ஒரு பெயர்ச்சொல் வேற்றுமைத் தொடராகக் கரைந்த வரலாறு இது. இதனை வெறும் நாகரிகச் சொல்மாற்றம் என ஒதுக்கிவிட முடியாது. 2017ஆம் ஆண்டுச் சட்டத்தின் 3ஆம் பிரிவு, ஒருவர்க்கு மனநோய் உண்டு எனக் கண்டறியப்படுவதால் மட்டுமே அவர் சித்தசுவாதீனம் அற்றவர் என்று பொருளாகாது. அதைத் தகுதியுள்ள நீதிமன்றமே அறிவிக்க முடியும் என்று வெளிப்படையாகச் சொல்கிறது. மருத்துவர் சொல்லும் பெயருக்கும் உரிமை பறிக்கும் பெயருக்கும் இடையே சட்டம் வரைந்த கோடு அது.

மணச் சட்டத்தின் வரலாறு இவ்வளவு நேராகச் செல்லவில்லை. 1976இன் திருத்தத்திற்குப் பின், மனைவிக்கு மனச்சிதைவு உண்டு என்று கூறி மணமுறிவு கோரும் வழக்குகள் நீதிமன்றங்களுக்கு வந்தன. 1988இல் அத்தகைய வழக்கொன்றில் உச்ச நீதிமன்றம், நோயின் பெயரை நிறுவுவது மட்டும் போதாது. உடன் வாழ முடியாத அளவுக்கு அதன் தன்மையும் தீவிரமும் இருந்தனவா என்பதே கேள்வி என்று விளக்கியது. ஒரே பெயரைத் தாங்கியோருள் எத்தனையோ படிநிலைகள் உண்டு என்பதை நீதிமன்றம் ஏற்றது. 2013இல் வந்த இன்னொரு வழக்கில் மனைவி ஒரு மருத்துவர். மருத்துவப் படிப்பை முடித்து, மேற்படிப்பும் பெற்று, பணியாற்றி வந்தவர் மீது இந்நோய்ப்பெயர் சுமத்தப்பட்டிருந்தது. கணவரின் கோரிக்கையை உச்ச நீதிமன்றம் ஏற்கவில்லை. நோயென்றாலும் அது மணத்தின் மேடுபள்ளங்களுள் ஒன்று, கைவிடுவதற்கான சாக்கு அன்று என்பதே தீர்ப்பின் சாரம்.

தீர்ப்புகள் இவ்வாறிருக்க, வாசகம் நீங்கவில்லை. தொழுநோய் இதே சட்டத்தில் மணமுறிவுக்கான காரணமாக நெடுங்காலம் இருந்தது. மருந்தால் குணமாகும் நோய் என்பதால் 2019இல் நாடாளுமன்றம் அதனை ஐந்து தனிச்சட்டங்களிலிருந்து நீக்கியது. மனச்சிதைவின் பெயர் அப்போதும் தொடப்படவில்லை.

நீதிமன்றத்திற்கு வராதவர்களின் நிலை வேறு. சென்னையின் மனச்சிதைவு ஆராய்ச்சி நிறுவனமான ஸ்கார்ஃப், கீழ்ப்பாக்கம் மருத்துவமனையின் தலைவராயிருந்து ஓய்வுபெற்ற சாரதா மேனனால் 1984இல் தொடங்கப்பட்டது. அதன் இயக்குநராயிருந்த ஆர். தாராவும் உடன் ஆய்வாளர்களும் மணவாழ்வு முறிந்த 76 பெண்களை ஆராய்ந்து 2003இல் வெளியிட்ட கட்டுரைகள் இத்துறையில் முதன்மையானவை. அவர்களுள் பெரும்பாலோர் சட்டப்படி மணமுறிவு பெற்றவர்களல்லர். தாய்வீட்டிற்குத் திருப்பி அனுப்பப்பட்டவர்கள். வாழ்வூதியம் பெறாமல், முதுமையடைந்த பெற்றோரைச் சார்ந்து வாழ்ந்தவர்கள். நோயின் களங்கத்தைவிடக் கணவனால் விலக்கப்பட்டவள் என்னும் களங்கமே குடும்பங்களைக் கடுமையாக வருத்தியது என்பது அவர்கள் கண்டது. தமக்குப் பின் யார் பார்த்துக்கொள்வார் என்ற பெற்றோரின் கவலை எந்தச் சட்டப்பிரிவிலும் அடங்குவதில்லை. இப்பெண்களிடம் சென்று நோயின் பெயரை ஏற்கிறீர்களா என்று வினவுவோர், அப்பெயருக்கு அவர்கள் ஏற்கெனவே கொடுத்துவிட்ட விலையையும் கணக்கில் கொள்ள வேண்டும்.

5

நோயுணர்வு என்பதை எவ்வாறு அளப்பது? வேலூர் கிறித்தவ மருத்துவக் கல்லூரியின் கே. எஸ். ஜேக்கப்பும் உடன் ஆய்வாளர்களும் இதனை இந்தியச் சூழலில் நீண்ட காலம் ஆராய்ந்தனர். நோயாளிகள் ஒரே நேரத்தில் பல விளக்கங்களைக் கொண்டிருந்தனர் என்பது அவர்கள் கண்டவற்றுள் ஒன்று. செய்வினை, கர்மவினை, தெய்வக்குற்றம் என்று கருதுவோர் அவற்றைக் கைவிடாமலே மருத்துவமனைக்கும் வந்தனர், மாத்திரையும் உட்கொண்டனர். மருத்துவ நூலின் விளக்கத்தை ஒப்பிப்பவர்க்கே நோயுணர்வு உண்டு என்னும் அளவுகோல் இங்கே பிழைபடும். தம்மில் ஏதோ மாறியிருக்கிறது, அது துன்பம் தருகிறது, உதவி வேண்டும் என்று உணர்வதே போதும். அதனை அவரவர் பண்பாட்டின் தரத்தில் வைத்தே மதிப்பிட வேண்டும் என்பது ஜேக்கப்பின் வாதம்.

மானிடவியலாளர் தான்யா லூர்மன், ஸ்கார்ஃபின் ஆர். பத்மாவதி உள்ளிட்டோருடன் செய்த ஆய்வு இதற்குத் துணைநிற்கிறது. கலிபோர்னியாவின் சான் மத்தேயோ, கானாவின் அக்ரா, சென்னை ஆகிய மூன்று ஊர்களிலும் தலா 20 பேரிடம், அவர்கள் கேட்கும் குரல்களைப் பற்றி விரிவாகப் பேசினர். அமெரிக்கர்கள் தயக்கமின்றி நோய்ப்பெயரால் தம்மை விவரித்தனர். குரல்களைத் தம்மீது ஏவப்பட்ட வன்முறையாக உணர்ந்தனர். சென்னையில் நோய்ப்பெயரைப் பயன்படுத்தியோர் மிகச் சிலரே. அவர்களுள் பாதிக்கு மேற்பட்டோர் கேட்டவை உறவினர் குரல்கள். அக்குரல்கள் திட்டின, பயமுறுத்தின. கூடவே குளி, சமை, கடைக்குப் போ என்றும் ஏவின. தாயோ அத்தையோ மாமியாரோ வீட்டில் எப்படிப் பேசுவார்களோ அப்படி. நோய்ப்பெயரை உரத்துச் சொன்னவர்களுக்கு நோயுடனான உறவு கடுமையாயிருந்ததும், பெயரைச் சொல்லாதவர்கள் குரல்களுடன் ஒருவகை உறவாடலில் இருந்ததும், பெயரை ஏற்றலும் நோயுடன் வாழ்தலும் ஒன்றல்ல என்பதைக் காட்டுகின்றன.

இதிலிருந்து மருந்து வேண்டா, பெயர் வேண்டா என்ற முடிவுக்குத் தாவிவிடலாகாது. 1960களின் இறுதியில் உலக சுகாதார நிறுவனம் தொடங்கிய பன்னாட்டு ஆய்வில் ஆக்ரா இடம்பெற்றது. வளரும் நாடுகளில் இந்நோயின் போக்கு ஒப்பீட்டளவில் நன்றாயிருக்கிறது என்ற முடிவு அங்கிருந்து புறப்பட்டது. இந்தியக் குடும்பமே மருந்து என்று அம்முடிவு கொண்டாடவும் பட்டது. 2008இல் அலெக்ஸ் கோஹன், விக்ரம் பட்டேல், தாரா, குரேஜே ஆகியோர் அவ்வெண்ணத்தை மறுபரிசீலனைக்கு உட்படுத்தினர். சான்றுகள் ஒருபடித்தானவை அல்ல என்று காட்டினர். குடும்பம் தாங்குகிறது என்பது உண்மை. குடும்பம் சங்கிலியும் இட்டிருக்கிறது என்பதும் உண்மை. 2001 ஆகஸ்டு 6 அன்று ஏர்வாடியில் தனியார் காப்பகம் ஒன்றின் கொட்டகை தீப்பற்றியபோது, சங்கிலியால் பிணிக்கப்பட்டிருந்தோர் தப்பியோட இயலாமல் 28 பேர் இறந்தனர். அவர்களைக் கொணர்ந்து விட்டவர்களும் குடும்பத்தினரே. நோய்க்கு மருத்துவப் பெயர் கிடைக்காமல், தர்காவின் அருளை நாடி வந்தவர்கள். தில்லியில் உச்ச நீதிமன்றம் அதனைத் தானாகவே வழக்காக எடுத்துக்கொண்டது. நாடெங்கும் மனநலக் காப்பகங்களைக் கணக்கெடுக்கவும் பதிவு செய்யவும் ஆணைகள் பிறந்தன. பெயர் கிடைத்தோர் உரிமை இழந்ததும் பெயர் கிடைக்காதோர் உயிரிழந்ததும் ஒரே நாட்டின் ஒரே காலத்து நிகழ்வுகள்.

சென்னையில் 1981 முதல் தாரா தொடர்ந்த நெடுங்கால ஆய்வு, முதன்முறை நோயுற்ற 90 பேரைப் பல பத்தாண்டுகள் பின்தொடர்ந்தது. முதற்பத்தாண்டின் முடிவில் அவர்களுள் பெரும்பாலோர் அறிகுறிகள் தணிந்த நிலையில் இருந்தனர். சிதைவு என்னும் சொல்லுக்கு இதைவிட வலிய மறுப்பு வேண்டியதில்லை. உரிய காலத்தில் மருந்தும் ஆதரவும் கிடைத்தால் மீட்சி விதிவிலக்கன்று.

6

பொதுவெளியில் இந்நோயின் முகமாக இந்தியாவில் நெடுங்காலம் அறியப்பட்டவர் கணிதவியலாளர் வசிஷ்ட நாராயண் சிங். பீகாரின் போஜ்பூர் மாவட்டத்துச் சிற்றூர் ஒன்றில் எளிய குடும்பத்தில் பிறந்தவர். பாட்னாவிலிருந்து கலிபோர்னியாவின் பெர்க்லிக்குச் சென்று, ஜான் கெல்லியின் மாணவராக 1969இல் முனைவர் பட்டம் பெற்றார். நாடு திரும்பிக் கான்பூர் ஐஐடி உள்ளிட்ட நிறுவனங்களில் பணியாற்றினார். 1970களில் நோய் வெளிப்பட்டது. மணம் முறிந்தது. ராஞ்சியில் சிகிச்சை பெற்றார். 1989இல் இரயில் பயணத்தின்போது காணாமற்போய், 1993இல் சாரண் மாவட்டத்தில் கண்டெடுக்கப்பட்டார். பின்னர் பெங்களூரின் நிம்ஹான்ஸிலும், 2002இல் தில்லியின் இப்பாஸிலும் சிகிச்சை பெற்றார். 2019 நவம்பர் 14 அன்று பாட்னாவில் இறந்தார். 2020இல், மறைவுக்குப் பின், பத்மஸ்ரீ அறிவிக்கப்பட்டது.

இவ்வாழ்க்கையைப் பற்றி எழுதப்பட்டவற்றை வாசிப்போர்க்கு ஒன்று தெளிவாகும். நாசாவில் பணியாற்றினார், ஐன்ஸ்டைனையே மறுத்தார் என்று ஆதாரமற்ற புகழ்மொழிகள் பெருகின. மேதைமை முற்றிப் பித்தானது என்னும் பழைய கதைவடிவம் அவருக்கு அணிவிக்கப்பட்டது. நோய் வெளிப்பட்டபின் அவர் வாழ்ந்தது நாற்பதாண்டுகளுக்கும் மேல். அவ்வாண்டுகளில் அவரைக் குளிப்பாட்டி, உணவூட்டி, மருந்து வாங்கி வந்தோர் உடன்பிறந்தாரும் உறவினரும். அவர் எதை விரும்பினார், எது அவரை அமைதிப்படுத்தியது, தம் நோயைப் பற்றி அவர் என்ன நினைத்தார் என்பவை செய்திகளில் இடம்பெறுவது அரிது. இழந்த மேதை என்பதற்காக இரங்கிய சமூகம், எஞ்சியிருந்த மனிதரைக் காணத் தவறியது. மேதை அல்லாதோர்க்கு அவ்விரக்கமும் கிட்டுவதில்லை.

2015-16இல் நிம்ஹான்ஸ் நடத்திய தேசிய மனநல ஆய்வின்படி, மனச்சிதைவு உள்ளிட்ட உளப்பிணிகள் வாழ்நாளில் 1.4 விழுக்காட்டினரையும், ஆய்வுக் காலத்தில் 0.4 விழுக்காட்டினரையும் பாதித்திருந்தன. அவர்களுள் ஏறத்தாழ நால்வரில் மூவர்க்குச் சிகிச்சை எட்டவில்லை. இத்தொகையின் முன் ஒரு கணிதமேதையின் கதை மட்டும் நினைவில் நிற்பது, அறிவுலகம் தன்னைப் போன்றோரின் துன்பத்தையே துன்பமெனக் காணும் பழக்கத்தின் விளைவு.

7

நோயுடையோர் தாமே பேசத் தொடங்கியது அண்மைக்காலத்து நிகழ்வு. புனேயில் வாழும் ரேஷ்மா வள்ளியப்பன் தம் 22ஆம் வயதில் இந்நோய் இருப்பதாக அறியப்பட்டவர். அவரைக் குறித்து அபர்ணா சன்யால் இயக்கிய ஆவணப்படம் தேசிய விருது பெற்றது. 2015இல் அவருடைய தன்வரலாறு தில்லியின் பெண்ணியப் பதிப்பகமான விமன் அன்லிமிடெட் வழியே வெளிவந்தது. அந்நூலின் தலைப்பில் அவர் தம்மைக் குறிக்க ஆக்கிக்கொண்ட சொல் மொழியியல் நோக்கில் கருதத்தக்கது. நோயாளியைக் குறிக்கும் வழக்கமான ஆங்கில விகுதியை நீக்கி, பியானோ வாசிப்பவரையும் ஓவியரையும் குறிக்கும் செய்வோர் விகுதியை அவர் இணைத்தார். தமிழில் எழுதினால் 'ஸ்கிசோஃப்ரீனிஸ்ட்'. நோய் தமக்கு நேர்ந்தது மட்டுமன்று, தாம் அன்றாடம் பயின்று கையாளும் ஒன்று என்பது அவ்விகுதி மாற்றத்தின் கூற்று. மருந்தைக் குறித்து அவர் மேற்கொண்ட தெரிவுகள் விவாதத்திற்குரியவை. மருந்தை நிறுத்துவோருள் பலர்க்கு நோய் மீண்டும் தாக்குகிறது என்பது மருத்துவம் நன்கறிந்த உண்மை. எனினும் பெயரை ஏற்பதா மறுப்பதா என்னும் இரண்டுக்கும் அப்பால், பெயரைத் தன்வயப்படுத்துதல் என்னும் மூன்றாம் வழி உண்டு என்பதை அந்நூல் பதிவு செய்தது.

அரசுகளும் மருத்துவச் சங்கங்களும்கூடப் பெயரை மாற்றியிருக்கின்றன. ஜப்பானில் மனம் பிளவுற்ற நோய் என்னும் பொருளுடைய பழைய பெயரை மாற்றுமாறு 1993இல் குடும்பத்தினர் சங்கம் கோரியது. 2002இல் ஒருங்கிணைவுக் குலைவு என்று பொருள்படும் புதுப்பெயர் நடைமுறைக்கு வந்தது. பழைய பெயரைச் சொல்லத் தயங்கி நோயாளியிடமே நோயை மறைத்து வந்த மருத்துவர்கள், புதுப்பெயர் வந்தபின் வெளிப்படையாகச் சொல்வது கூடிற்று. பின்னர்க் கொரியாவிலும், யாழின் நரம்பைச் சுருதி சேர்ப்பதை உருவகமாகக் கொண்ட பெயர் ஏற்கப்பட்டது. குலைந்த சுருதியை மீண்டும் கூட்டலாம் என்பது அவ்வுருவகத்தின் உட்பொருள். கலைச்சொல்லாக்கத்தில் நீண்ட மரபுடைய தமிழில் இத்தகைய மறுசிந்தனைக்கு இடமுண்டு; அதனைத் தொடங்குவோர் அகராதி ஆசிரியர்களுடன் நோயுடன் வாழ்வோரையும் அமர்த்திக்கொள்வது முறையாகும்.

பெயர் மாற்றம் தனியே எதையும் சாதித்துவிடாது என்பதற்குக் கீழ்ப்பாக்கமும் சாதராவும் சான்று. 2018 மே மாதம் நடைமுறைக்கு வந்த மனநலப் பராமரிப்புச் சட்டம், நலமாயிருக்கும்போதே தமக்கு எத்தகைய சிகிச்சை வேண்டும், எது வேண்டா என்று ஒருவர் முன்கூட்டியே எழுதிவைக்கும் உரிமையை அளிக்கிறது. தம் சார்பாகப் பேச வேண்டியவரை அவரே நியமிக்கலாம். சங்கிலியிடுதலையும் மயக்கமருந்தின்றி மின்னதிர்ச்சி தருதலையும் அது தடை செய்கிறது. சமூகத்தில் வாழும் உரிமையை அறிவிக்கிறது. முன்கூட்டிய எழுத்துரிமை என்பது நோயுணர்வு குறித்த பழைய கேள்வியைத் தலைகீழாக்குகிறது. நோயாளி தம் நோயை ஏற்கிறாரா என்று வினவிய நிறுவனம், அவர் எழுதிவைத்ததைத் தான் ஏற்கிறதா என்று இனி விடை சொல்ல வேண்டும்.

அவ்விடை இன்னும் முழுமையாக வரவில்லை. குணமடைந்த பின்னும் அழைத்துச்செல்ல ஆளின்றி மருத்துவமனைகளில் தங்கிவிட்டோர் குறித்து 2017 ஜூலையில் உச்ச நீதிமன்றம் மாநிலங்களுக்கு ஆணையிட வேண்டியிருந்தது. இடைநிலை இல்லங்கள் போதுமான அளவில் எழவில்லை. மணச் சட்டத்தின் வாசகம் அப்படியே நிற்கிறது. ஒரு சட்டம் நோயுடைய நபர் என்று மதிப்புடன் அழைக்க, இன்னொரு சட்டம் அந்நோயின் பெயரையே மணமுறிவின் காரணப் பட்டியலில் வைத்திருக்கிறது. இரண்டும் ஒரே நாடாளுமன்றத்தின் சட்டங்கள்.

தமிழில் நோயாளி என்னும் சொல்லை இழிவாகக் கருதி விலக்க முனைவோர் உண்டு. அச்சொல்லின் விகுதி 'ஆள்' என்னும் வினையடியோடு தொடர்புடையது. தொழிலாளி, படைப்பாளி, பங்காளி என்பவற்றில் உள்ள அதே விகுதி. ஆளுதல் என்பது கொண்டிருத்தலும் கையாளுதலும் ஆகும். வழக்கில் நோயாளி என்பவர் நோயால் ஆளப்படுபவராகவே கருதப்பட்டாலும், சொல்லின் அமைப்பு நோயை ஆள்பவர் என்றே சொல்கிறது. அவ்வாறு ஆள்வதற்குரிய மருந்து, கூலி, வீடு, உறவு, சட்டப் பாதுகாப்பு ஆகியவை கிடைக்கும்போது, நோயின் பெயரை ஏற்குமாறு எவரையும் வற்புறுத்த வேண்டிய தேவை பெருமளவு குறைந்துவிடும்.